போர் முடிவும் பணப்பையும்

போர் தொடுக்கும் முடிவு யாருடையது என்று நமது அரசியல் சட்டத்தில் தேடுவோருக்கு நேரடியான விடை கிடைப்பதில்லை. அமெரிக்க அரசியல் சட்டம் போரை அறிவிக்கும் அதிகாரத்தைக் காங்கிரஸிடம் வெளிப்படையாக ஒப்படைத்துள்ளது. நமது 53-ஆவது விதியோ முப்படைகளின் உச்சத் தலைமையைக் குடியரசுத் தலைவரிடம் வைத்து, அது சட்டப்படி நெறிப்படுத்தப்படும் என்கிறது. மத்தியப் பட்டியலின் 15-ஆவது இனம், போரும் சமாதானமும் குறித்துச் சட்டமியற்றும் உரிமையை நாடாளுமன்றத்துக்கு அளிக்கிறது. ஆயினும் படைகளை அனுப்புமுன் அவையின் ஒப்புதல் வேண்டுமென எந்த விதியும் கூறவில்லை. குடியரசுத் தலைவர் அமைச்சரவையின் ஆலோசனைப்படி நடப்பவராதலால், முடிவு அமைச்சரவையுடையதே.

அவையின் பிடி பணத்தில் உள்ளது. ஒதுக்கீட்டுச் சட்டமின்றித் தொகுப்பு நிதியிலிருந்து ஒரு ரூபாயும் எடுத்தலாகாது என்பது 114-ஆவது விதி. ஆனால், வீரர்கள் களத்தில் நிற்கையில் துணை மானியக் கோரிக்கையை மறுக்க எந்த உறுப்பினர் துணிவார்?

மற்றொரு பிடி நெருக்கடி நிலை. 1962 அக்டோபர் 26-இல் செய்த பிரகடனம், சண்டை ஒரு மாதத்தில் ஓய்ந்த பின்னரும் 1968 ஜனவரி வரை நீடித்தது. 1978-ஆம் ஆண்டின் 44-ஆவது திருத்தம் இதனை இறுக்கியது: அமைச்சரவையின் எழுத்துமூல முடிவு, ஒரு மாதத்துக்குள் இரு அவைகளின் சிறப்புப் பெரும்பான்மை ஒப்புதல், ஆறு மாதத்துக்கொரு முறை மறு ஒப்புதல்.

பிரகடனமே இல்லாவிடில்? 1999 ஏப்ரல் 26-இல் மக்களவை கலைக்கப்பட்டது. மே மாதம் கார்கில் போர் மூண்டது. நெருக்கடி நிலை அறிவிக்கப்படவில்லை. மாநிலங்களவையையாவது கூட்டுமாறு எதிர்க்கட்சிகள் கோரின, கூட்டப்படவில்லை. வரவு செலவுத் திட்டம் கலைப்புக்கு முன்பே நிறைவேறியிருந்தமையால், பணப்பையின் கயிறும் அப்போது இழுபடவில்லை.