கேம் ஹேங் ஆகிறதா? எதையும் அழிக்கும் முன் இதைப் படியுங்கள்

பொள்ளாச்சியில் இருக்கும் என் அத்தை மூன்று வருடமாக ஒரு பண்ணை விளையாட்டு விளையாடிவந்தார். தக்காளி நடுவார், மாடு கறப்பார், கோழிக்குத் தீனி வைப்பார். வெளிநாட்டில் இருக்கும் மகளுக்கும் அதே விளையாட்டில் பக்கத்துப் பண்ணை. இங்கே இரவு, அங்கே காலை. இருவரும் ஒருவர் வயலுக்கு மற்றவர் தண்ணீர் ஊற்றிவிட்டுத்தான் பேச ஆரம்பிப்பார்கள். ஒருநாள் விளையாட்டு பாதியில் அப்படியே நின்றது. அடுத்த நாளும் நின்றது. கைபேசியைப் பழுதுபார்க்கும் கடைக்குக் கொண்டுபோனார். கடையில் இருந்த பையன் செட்டிங்ஸுக்குள் போய் 'கிளியர் டேட்டா'வை அழுத்திக் கொடுத்துவிட்டான். விளையாட்டு சட்டென்று திறந்தது. ஆனால் முதல் நாள் போல வெறும் நிலம். "கண்ணு, தோட்டத்தையே காணோம்" என்று அத்தை போனில் சொன்ன குரல் இன்னும் என் காதில் இருக்கிறது.

அவர் 'கெஸ்ட்' ஆக, அதாவது எந்தக் கணக்கிலும் நுழையாமல் விளையாடியிருந்தார். அந்தப் பண்ணைக்கு அவர்தான் சொந்தக்காரர் என்பதற்கான அடையாளம் அந்த ஒரு கைபேசிக்குள் மட்டும்தான் இருந்தது. அது அழிந்ததும் எல்லாம் போயிற்று. ஹேங்கைச் சரிசெய்யப் பல வழிகள் உண்டு, ஒவ்வொன்றாகச் சொல்கிறேன். அதற்கு முன்னால் செய்ய வேண்டிய வேலை ஒன்று இருக்கிறது.

முதலில் சேர்த்ததைப் பத்திரப்படுத்துங்கள்

விளையாட்டு ஓடும் நேரம் பார்த்து, அதன் உள்ளே இருக்கும் செட்டிங்ஸைத் திறங்கள். பல்சக்கரப் படம் போட்டிருக்கும். 'கனெக்ட்', 'சேவ் புரோகிரஸ்', 'அக்கவுண்ட்' என்று ஏதாவது ஒன்று இருக்கும். கூகுள், ஃபேஸ்புக், ஆப்பிள், மின்னஞ்சல் ஆகியவற்றில் உங்களிடம் இருக்கிற ஒன்றோடு இணையுங்கள். இணைக்கும்போது சில விளையாட்டுகள் இரண்டு பெட்டிகளைக் காட்டி எதை வைத்துக்கொள்ள என்று கேட்கும். ஒன்றில் லெவல் 2, மற்றதில் லெவல் 74 என்று இருக்கும். அவசரத்தில் தப்பானதைத் தொட்டுவிடாதீர்கள். பழைய பண்ணை இருக்கும் பெட்டியை நிதானமாகப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள்.

அதே பக்கத்தில் 'பிளேயர் ஐடி' என்று எழுத்தும் எண்ணுமாக ஒரு வரி இருக்கும். அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வீட்டில் இன்னொருவருக்கும் அனுப்பிவையுங்கள். என்றாவது நிறுவனத்துக்கு எழுத நேர்ந்தால் அவர்கள் முதலில் கேட்பது இதைத்தான். முடிந்தால் இன்னொரு கைபேசியில் அதே கணக்கில் நுழைந்து, உங்கள் பண்ணை தெரிகிறதா என்று ஒருமுறை பாருங்கள். தெரிந்தால் இனித் தைரியமாகக் கைவைக்கலாம்.

எது நின்றது?

'ஹேங்' என்று ஒரே சொல்லில் சொல்கிறோம். ஆனால் நிற்பதில் வகை உண்டு. வகை தெரிந்தால் பாதி வேலை முடிந்த மாதிரி.

திரை நின்றதும் முதலில் ஹோம் பொத்தானை அழுத்துங்கள். கைபேசி முழுவதுமே திணறினால், மற்ற ஆப்களும் மெதுவாகத் திறந்தால், சிக்கல் கருவியில். விளையாட்டுக்குள் மரம் ஆடுகிறது, கோழி நடக்கிறது, நீங்கள் தொட்டதற்கு மட்டும் பதில் இல்லை, ஓரத்தில் வட்டம் சுற்றிக்கொண்டே இருக்கிறது என்றால் சிக்கல் இணைப்பில். நீங்கள் அறுவடை செய்ததை விளையாட்டு உடனே திரையில் காட்டிவிடும். சர்வருக்குச் சொல்வது அதற்குப் பிறகுதான். சர்வரிடமிருந்து பதில் வராவிட்டால் பல விளையாட்டுகள் அங்கேயே நின்றுவிடும். ஒவ்வொரு முறையும் லோடிங்கில் ஒரே இடத்தில், 70 சதவீதம் என்றால் எப்போதும் 70-லேயே நிற்கிறதா? பாதியில் இறங்கிக் கெட்டுப்போன கோப்பு இருக்க வாய்ப்பு அதிகம். விளம்பரம் வரும்போது மட்டும் நிற்கிறதா? அது தனிக் கதை, பின்னால் சொல்கிறேன்.

சந்தேகம் தீரவில்லையென்றால் இரண்டு சோதனைகள் செய்யுங்கள். வைஃபையில் இருந்தால் மொபைல் டேட்டாவுக்கு மாறிப் பாருங்கள். டேட்டாவில் இருந்தால் வைஃபைக்கு. அடுத்து, அதே கணக்கை வேறு கருவியில் திறந்து பாருங்கள். வேறு கருவி, வேறு இணைப்பு, அப்போதும் அதே இடத்தில் நிற்கிறது என்றால் கோளாறு பெரும்பாலும் நிறுவனத்தின் சர்வரில் அல்லது உங்கள் கணக்கில். அப்போது உங்கள் கைபேசியில் எதையும் தொட வேண்டாம். சில மணி நேரம் காத்திருங்கள். சர்வர் கோளாறுக்காகத் தன் கைபேசியை அழித்துத் துடைத்தவர்கள் பலரைப் பார்த்திருக்கிறேன்.

கணினியில் விளையாடுபவர்களுக்கு

பழைய விளையாட்டைத் தேடிவருபவர்களுக்கு முதலில் ஒரு செய்தி. ஃபேஸ்புக்கில் 2009-ல் வந்த ஃபார்ம்வில் உட்பட அந்தக் காலத்து விளையாட்டுகள் பல ஃப்ளாஷ் பிளேயரில் ஓடியவை. 2020 டிசம்பர் 31-ஆம் தேதியோடு அடோபி ஃப்ளாஷுக்கான ஆதரவை நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் ஃப்ளாஷ் பிளேயருக்குள் எதுவும் ஓடாதபடி தடுத்தும்விட்டது. ஃபார்ம்வில்லும் அதே டிசம்பர் 31-ல் மூடப்பட்டது. ஆகவே "கேம் ஓட ஃப்ளாஷ் பிளேயரை அப்டேட் செய்யுங்கள்" என்று எந்த இணையப் பக்கம் கேட்டாலும் அதை இறக்காதீர்கள். உங்கள் கணினிக்குள் நுழையப் பார்க்கிறவர்களின் வேலை அது.

இப்போதைய பிரௌசர் விளையாட்டு நின்றால் இந்த வரிசையில் போங்கள். கண்ட்ரோல், ஷிஃப்ட், ஆர் மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். சாதாரண ரீலோடு பழைய கோப்புகளையே மறுபடி எடுத்துக்கொள்ளக்கூடும்; இது எல்லாவற்றையும் புதிதாக இறக்கும். அடுத்து கண்ட்ரோலும் பூஜ்யமும். இது பக்கத்தின் ஜூமை 100 சதவீதத்துக்குக் கொண்டுவரும். ஜூம் மாறியிருந்தால் சில விளையாட்டுகளில் பொத்தான் தெரிகிற இடம் ஒன்று, அழுத்த வேண்டிய இடம் வேறொன்றாகிவிடும். பார்ப்பவருக்கு ஹேங் ஆன மாதிரிதான் இருக்கும்.

பிறகு இன்காக்னிட்டோ சன்னலில் அதே விளையாட்டைத் திறங்கள். அங்கே நன்றாக ஓடினால் குற்றவாளி உங்கள் எக்ஸ்டென்ஷன்களில் ஒன்று, அல்லது தேங்கிய பழைய கோப்பு. எல்லா எக்ஸ்டென்ஷன்களையும் அணைத்துவிட்டு, ஒவ்வொன்றாகத் திரும்பப் போட்டுப் பாருங்கள். விளம்பரத் தடுப்பானில் தொடங்குங்கள். இன்காக்னிட்டோவில் திறக்கவே மறுத்தால் பதறாதீர்கள்: வேறொரு தளத்தின் பக்கத்துக்குள் பதித்து ஓடும் விளையாட்டுகளுக்கு 'தேர்ட் பார்ட்டி குக்கீ' தேவைப்படலாம், குரோம் அதை இன்காக்னிட்டோவில் இயல்பாகவே தடுக்கிறது. உங்கள் வழக்கமான சன்னலிலும் அது தடுக்கப்பட்டிருந்தால், அந்தத் தளத்துக்கு மட்டும் அனுமதி கொடுங்கள்.

அடுத்தது பலர் தவறவிடும் இடம். குரோமில் செட்டிங்ஸ், அதில் சிஸ்டம். 'கிராஃபிக்ஸ் ஆக்சிலரேஷன்' என்று ஒரு சுவிட்ச் இருக்கும். இன்றைய விளையாட்டுகள் பல ஒரு வினாடிக்கு 60 படங்களை வரையப் பார்க்கின்றன. ஒரு படத்துக்குக் கிடைப்பது சுமார் 16.7 மில்லிவினாடி. இந்தச் சுவிட்ச் அணைந்திருந்தால் கிராஃபிக்ஸ் சிப் செய்ய வேண்டிய வேலையை முழுக்க பிராசசர் சுமக்கும். விசிறி இரையும், விளையாட்டு விக்கி விக்கி ஓடும். சுவிட்ச் போட்டிருந்தும் நிற்கிறதென்றால் கிராஃபிக்ஸ் டிரைவர் பழையதாக இருக்கலாம். சோதனைக்காக அணைத்துப் பாருங்கள். சரியானால் டிரைவரை அப்டேட் செய்துவிட்டு மறுபடி போடுங்கள். ஒவ்வொரு மாற்றத்துக்குப் பிறகும் பிரௌசரை மூடித் திறக்க வேண்டும்.

"டீ போடப் போய்வந்தேன், நின்றிருந்தது" என்பவர்களுக்கு: பின்னால் மறைந்திருக்கும் டேபின் கடிகாரத்தை குரோம் வேண்டுமென்றே மெதுவாக்குகிறது. 2021 ஜனவரியில் வந்த 88-ஆம் பதிப்பிலிருந்து, 5 நிமிடத்துக்கு மேல் மறைந்திருக்கும் பக்கங்கள் பலவற்றின் டைமர் நிமிடத்துக்கு ஒருமுறைதான் விழித்துக்கொள்ளும். அதற்குள் சர்வர் உங்களை வெளியே அனுப்பியிருக்கும். அங்கே செய்ய வேண்டியது ரீலோடு மட்டும். வேலை பார்த்துக்கொண்டே பயிரைக் கவனிக்க வேண்டும் என்றால் விளையாட்டைத் தனிச் சன்னலாக்கி, முழுதும் மறைந்துவிடாமல் ஓரத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

விண்டோஸ் 7 கணினி இன்னும் பல வீடுகளில் ஓடுகிறது. அதில் குரோமின் 109-ஆம் பதிப்போடு சரி. 2023 பிப்ரவரியில் வந்த 110 அதில் ஏறாது. புதிய விளையாட்டு அங்கே தடுமாறினால் பழுது பார்த்து நேரம் கழிக்காமல் கைபேசிக்கு மாறிவிடுவது நல்லது.

கைபேசியில்

ஆஃப் செய்து ஆன் செய்யுங்கள். எல்லோரும் சொல்வதுதான், ஆனால் பாதிப் பேர் திரையை மட்டும் அணைத்துவிட்டு ரீஸ்டார்ட் செய்ததாக நினைக்கிறார்கள்.

பிறகு ஸ்டோரேஜைப் பாருங்கள். குடும்பக் குழுக்களில் வரும் காலை வணக்கப் படங்களும் கல்யாண வீடியோக்களும் நிரம்பிய கைபேசியில் விளையாட்டு தன் கோப்பை எழுத இடமில்லாமல் நிற்கும். மொத்த இடத்தில் பத்தில் ஒரு பங்காவது காலியாக இருக்கட்டும்.

அடுத்து கேஷ். ஆண்ட்ராய்டில் செட்டிங்ஸ், ஆப்ஸ், உங்கள் விளையாட்டு, ஸ்டோரேஜ் என்று போங்கள். இரண்டு பொத்தான்கள் அருகருகே இருக்கும். 'கிளியர் கேஷ்' தற்காலிகக் கோப்புகளை மட்டும் நீக்கும், தைரியமாக அழுத்தலாம். 'கிளியர் டேட்டா' அல்லது 'கிளியர் ஸ்டோரேஜ்' என்பதுதான் அத்தையின் தோட்டத்தை விழுங்கியது. கணக்கை இணைத்துச் சரிபார்க்காதவரை அந்தப் பொத்தானை யார் அழுத்த வந்தாலும் கையைப் பிடித்து நிறுத்துங்கள்.

விளையாட ஆரம்பித்துப் பதினைந்து, இருபது நிமிடம் கழித்துத்தான் திணறுகிறது என்றால் கைபேசியின் முதுகைத் தொட்டுப் பாருங்கள். சூடு ஏறினால் தன்னைக் காத்துக்கொள்ள பிராசசர் வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். சார்ஜ் போட்டபடி, தடித்த கவரோடு, மெத்தைமேல் வைத்து விளையாடுவது மூன்று பக்கமும் அடுப்பு மூட்டுவது போல. கவரைக் கழற்றுங்கள், சார்ஜரைப் பிடுங்குங்கள், விளையாட்டுக்குள் கிராஃபிக்ஸை 'லோ' ஆக்குங்கள். ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள், உள்ளே ஈரம் கோத்துவிடும்.

பேட்டரி சேவரையும் டேட்டா சேவரையும் அணைத்துப் பாருங்கள். திரைமேல் மிதக்கும் மெசஞ்சர் குமிழ், ஸ்கிரீன் ரெக்கார்டர் போன்றவற்றை மூடுங்கள். 'ரேம் பூஸ்டர்' என்று வரும் ஆப்களை நான் யாருக்கும் சொல்வதில்லை. பின்னால் உள்ளவற்றை அவை கொல்லும், அவற்றில் பல உடனே மறுபடி எழும், அந்த எழுச்சிக்கே சக்தி செலவாகும்.

நேற்றுவரை ஓடிய பல ஆப்கள் ஒரே நாளில் சேர்ந்து விழுந்தால், 'ஆண்ட்ராய்டு சிஸ்டம் வெப்வியூ' என்பதை பிளே ஸ்டோரில் தேடி அப்டேட் செய்யுங்கள். ஆப்களுக்குள் இணையப் பக்கங்களைக் காட்டுவது அதுதான். 2021 மார்ச்சில் அதில் வந்த ஒரு கோளாறு உலகெங்கும் ஆண்ட்ராய்டு ஆப்களைக் கவிழ்த்தது. சரிசெய்யப்பட்ட பதிப்பு வந்ததும் நின்றது.

தேதியும் நேரமும் 'ஆட்டோமேட்டிக்' என்று இருக்கிறதா? கேண்டி கிரஷில் 5 உயிர், ஒன்று திரும்பி வர 30 நிமிடம். காத்திருக்கப் பொறுக்காமல் கடிகாரத்தை முன்னே தள்ளிவிட்டு மறந்துபோகிறவர்கள் உண்டு. தேதி தப்பாக இருந்தால் பாதுகாப்பான இணைப்புக்கான சான்றிதழ் செல்லாததாகத் தெரியும். விளையாட்டால் சர்வரோடு பேசவே முடியாது.

விளம்பரத்தில் மட்டும் நிற்கிறதென்றால் அரை நிமிடம் பொறுங்கள், மூடும் குறி தாமதமாக வரலாம். வராவிட்டால் ஹோமுக்குப் போய்த் திரும்புங்கள். விளம்பரத் தடைக்காக 'பிரைவேட் டிஎன்எஸ்' அல்லது விபிஎன் போட்டிருந்தால் அணையுங்கள். வராத விளம்பரத்துக்காக விளையாட்டு காத்துக்கொண்டிருக்கக்கூடும்.

லூடோ, கேரம் போல நேருக்கு நேர் ஆடும் விளையாட்டில் இணைய வேகத்தைவிடத் தாமதம்தான் முக்கியம். காய் நகர்த்தும் செய்திக்குத் தேவையான டேட்டா மிகக் கொஞ்சம், ஆனால் அது உடனே போய்ச் சேர வேண்டும். வீட்டில் ஒருவர் படம் இறக்கிக்கொண்டிருந்தால் உங்கள் முறை அந்த வரிசையில் மாட்டிக்கொள்ளும். ரௌட்டருக்கு அருகில் வாருங்கள், அதில் 5 கிகாஹெர்ட்ஸ் இருந்தால் அதற்கு மாறுங்கள்.

எதுவும் பலிக்காவிட்டால்

அன்இன்ஸ்டால் செய்து மறுபடி போடுவது கடைசி வழி. ஆண்ட்ராய்டில் ஆப்பை நீக்கினால் கைபேசிக்குள் இருக்கும் அதன் டேட்டாவும் போகும். ஐபோனில் 'ஆஃப்லோட் ஆப்' என்று ஒரு வசதி உண்டு. ஆப்பை மட்டும் எடுத்துவிட்டு டேட்டாவை வைத்துக்கொள்ளும். ஐபோன்காரர்கள் அதை முதலில் செய்யுங்கள்.

பிறகு நிறுவனத்துக்கு எழுதுங்கள். விளையாட்டின் செட்டிங்ஸில் 'ஹெல்ப்' அல்லது 'சப்போர்ட்' இருக்கும். "கேம் ஓடவில்லை" என்று ஒரு வரி எழுதினால் பொதுவான பதில்தான் வரும். பிளேயர் ஐடி, கைபேசியின் மாடல், ஆண்ட்ராய்டு அல்லது ஐஓஎஸ் பதிப்பு, விளையாட்டின் பதிப்பு, நின்ற தேதியும் இந்திய நேரமும், நிற்பதற்கு முன் கடைசியாக எதைத் தொட்டீர்கள் என்பது, இதுவரை முயன்றவை எல்லாவற்றையும் எழுதுங்கள். முடிந்தால் நிற்பதை ஸ்கிரீன் ரெக்கார்டிங் எடுத்துச் சேருங்கள்.

பணம் கட்டும் நேரத்தில் நின்றிருந்தால் மறுபடி கட்டாதீர்கள். மின்னஞ்சலில் ரசீது வந்திருக்கிறதா என்று தேடுங்கள். கூகுள் பிளேயின் ஆர்டர் எண் 'ஜிபிஏ' என்ற எழுத்துகளில் தொடங்கும். அதையும் கடிதத்தில் சேர்த்துவிட்டு, பதில் வரும்வரை ஆப்பை நீக்காமல் வைத்திருங்கள்.