அரவிந்தன் படங்களைப் பார்க்க உட்காருமுன்

கோட்டயத்தில் 1935-இல் பிறந்த ஜி. அரவிந்தன் ரப்பர் வாரியத்தில் வேலை பார்த்தபடியே கார்ட்டூன் வரைந்தார், நாடகம் இயக்கினார், இசையமைத்தார். அந்தக் கலைகள் எல்லாம் ஒன்றுசேர்ந்த இடம் அவருடைய மலையாளப் படங்கள். அங்கே தெய்வத்தைத் தேட வேண்டிய இடம் காடும் ஆறும் கடலும்தான்.

செய்ய வேண்டியவை

• 'கும்மாட்டி'யில் (1979) தொடங்குங்கள். வீட்டுப் பிள்ளைகளையும் பக்கத்தில் உட்காரவையுங்கள். வடமலபார்க் கிராமம் ஒன்றுக்கு ஆண்டுதோறும் வரும் மாயக்காரக் கிழவர், தன்னோடு ஆடும் பிள்ளைகளை விலங்குகளாக மாற்றுகிறார். ஒரு சிறுவன் மட்டும் நாயாகவே நின்றுவிடுகிறான். அந்த உருவத்தில் அவன் வீடு திரும்ப, தாய் அவனை அடையாளம் கண்டுகொள்கிறாள். கிழவரின் மந்திரத்தைவிட எனக்குப் பெரியதாகப் படுவது இந்தக் காட்சிதான். அதன்பின் நடப்பதைப் பிள்ளைகளுக்கு முன்கூட்டியே சொல்லிவிடாதீர்கள்.

• மீட்டெடுத்த பிரதியைத் தேடிப் பாருங்கள். 'கும்மாட்டி' 2021-இலும் 'தம்பு' 2022-இலும் ஃபிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷனின் முயற்சியால் புத்துயிர் பெற்றன. வெளிறிய பிரதியில் புல்வெளியும் வானமும் ஒரே நிறமாகிவிடும். பாதிப் படம் அதிலேயே போய்விடும்.

• 'காஞ்சன சீதா'வில் (1977) சீதையைத் தேடுங்கள். அந்தப் பாத்திரத்துக்கு நடிகை கிடையாது. இலை அசைகிறது, காற்று வீசுகிறது, ஆறு ஓடுகிறது. இராமன் நிமிர்ந்து பார்க்கிறான். அவள் வந்துவிட்டாள் என்று நாம்தான் புரிந்துகொள்ள வேண்டும். இதற்காகவே காதுக்கு நல்ல ஒலி கிடைக்கும்படி பாருங்கள்.

• 'தம்பு'வில் (1978) சர்க்கஸைப் பார்க்கிறவர்களைப் பாருங்கள். பாரதப்புழைக் கரையில் கூடாரம் அடித்து வித்தை காட்டியவர்கள் உண்மையான சர்க்கஸ் கலைஞர்கள். வாய்பிளந்து நிற்கும் ஊர்மக்களும் நடிகர்கள் அல்லர்.

செய்யக்கூடாதவை

• வேகத்தைக் கூட்டி ஓட்டாதீர்கள். மேகம் நகரும் நேரமும் கதை நடக்கும் நேரம்தான்.

• 'காஞ்சன சீதா'வில் கிரீடமும் பட்டும் எங்கே என்று கேட்காதீர்கள். தங்களை இராமனின் வழிவந்தவர்களாகக் கருதும் ஆந்திரத்துச் செஞ்சுப் பழங்குடியினரையே அரவிந்தன் இராமனாகவும் இலட்சுமணனாகவும் நடிக்கவைத்தார். காட்டில் பிறந்து வளர்ந்த உடல்களுக்கு அலங்காரம் எதற்கு? நாடகமேடை இராமனுக்குப் பழகிய கண்ணுக்கு இது முதலில் உறுத்தலாம். கொஞ்சம் பொறுங்கள்.

• 'எஸ்தப்பா'னில் (1980) எது நிஜம் என்று துப்பறியாதீர்கள். கடற்கரை மக்கள் எஸ்தப்பான் என்ற மனிதனைப் பற்றி ஆளுக்கொரு கதை சொல்வார்கள். எல்லாவற்றையும் கேட்டுக்கொள்ளுங்கள். எஸ்தப்பானாக நடித்த ராஜன் காக்கநாடன் ஓர் ஓவியர்.

• பெயரைப் பார்த்து 'சிதம்பர'த்தைப் (1985) பக்திப் படமென்று எண்ணிவிடாதீர்கள். மூணாறு மலைப்பக்கத்து மாட்டுப்பண்ணையில் வேலை பார்க்கும் ஒருவன், உடன் வேலை செய்யும் முனியாண்டிக்குத் துரோகம் செய்கிறான். முனியாண்டியின் மனைவி சிவகாமியாக ஸ்மிதா பாட்டீல். அந்தக் குற்ற உணர்வு அவனை ஊர் ஊராக அலைக்கழித்து, கடைசியில் சிதம்பரத்தில், நம் தில்லைக் கோயிலில் கொண்டுவந்து நிறுத்துகிறது. பாவமன்னிப்பு கிடைத்ததா என்று படம் சொல்லாது. நீங்களும் அவசரமாகத் தீர்ப்பெழுத வேண்டாம்.

• ஒரே நாளில் இரண்டு படங்கள் வேண்டாம்.