குமிழியைக் கண்டு பயப்படாதீர்கள், கிளாம்பைக் கண்டு பயப்படுங்கள்

நெஞ்சில் குழாய் போட்டவரின் கட்டிலடியில் ஒரு பாட்டில் இருக்கும். குழாயும் பாட்டிலும் சேர்ந்த இந்த ஏற்பாட்டை வார்டில் ஐ.சி.டி. என்பார்கள். துணைக்கு இருப்பவர்களின் கண் இரவெல்லாம் அந்தப் பாட்டிலின் மேல்தான்.

“குமிழி வருகிறதே, எங்கோ ஓட்டை!” என்று பதறுவார்கள். நுரையீரல் கிழிந்து நெஞ்சறையில் காற்று சேர்ந்தவருக்குக் குழாய் போட்டதே அந்தக் காற்று வெளியேறத்தான். குழாயின் நுனி சுமார் 2 செ.மீ. நீருக்குள் மூழ்கியிருப்பதால், வெளியே வரும் காற்று திரும்பிப் போகாது. சீழ் வடிக்க ஜெர்மன் மருத்துவர் கோட்ஹார்ட் பியூலௌ 1891-இல் விவரித்த முறை இது. அடிப்படை இன்றும் அதேதான். நீரோ சீழோ எடுக்க மட்டும் போட்ட குழாயில் திடீரெனக் குமிழி கிளம்பினால் கதை வேறு. இணைப்பு எங்காவது தளர்ந்திருக்கலாம், நர்ஸைக் கூப்பிடுங்கள்.

குழாய்க்குள் மூச்சுக்கேற்ப ஏறி இறங்கிய நீர் அசையாமல் நின்றுவிட்டால் நுரையீரல் விரிந்துவிட்டது என்று உடனே மகிழவும் வேண்டாம். குழாய் மடங்கியோ, நோயாளியின் முதுகுக்கடியில் நசுங்கியோ இருந்தாலும் நிற்கும்.

உயிருக்கே உலை வைக்கும் நம்பிக்கை இன்னொன்று: எக்ஸ்ரேவுக்கு அழைத்துப்போகும்போது குழாயைக் கிளாம்ப் போட்டு அடைத்துவிட வேண்டுமாம். காற்றுக் கசிவு இருப்பவருக்கு அப்படிச் செய்தால், வெளியேற வழியில்லாமல் காற்று உள்ளே சேர்ந்துகொண்டே போகும். நுரையீரல் சுருங்கும், இதயம் மறுபக்கம் தள்ளப்படும், ரத்த அழுத்தம் சரியும். லிஃப்டில் போகும் சில நிமிடங்களே போதும். பாட்டில் நீர் உள்ளே ஏறிவிடுமோ என்ற பயம்தான் கிளாம்ப் போடுவதற்குக் காரணம். பாட்டிலை நெஞ்சுக்குக் கீழே, சாயாமல் பிடித்துக்கொண்டு போனால் அந்தப் பயம் தேவையில்லை. சுலபமாக இருக்கிறதென்று நோயாளியின் மடியில் மட்டும் வைக்காதீர்கள்.

குழாயை அழுத்தி உருவிவிடுவதும் பழைய பழக்கம். உள்ளே பலமான உறிஞ்சல் ஏற்பட்டு நுரையீரல் காயப்படலாம் என்பதால் இப்போது வழக்கமாகச் செய்யச் சொல்வதில்லை. நெஞ்சில் சேர்ந்த நீரை ஒரே மூச்சில் வடித்துவிட்டால் நல்லது என்பதும் தவறு. ஒரு தடவைக்கு 1.5 லிட்டருக்கு மேல் வேகமாக எடுத்தால், விரியும் நுரையீரலே வீங்கிவிடக்கூடும்.

அசையாமல் படுத்திருக்க வேண்டுமா? மருத்துவர் அனுமதித்தால் பாட்டிலோடு நடக்கலாம்.

பாட்டில் உடைந்துவிட்டால்? குழாயின் நுனியைச் சுத்திகரித்த நீர் உள்ள வேறொரு பாட்டிலில் அமிழ்த்திவிட்டு, நர்ஸுக்குக் குரல் கொடுங்கள்.