ஓட்டுநர் உரிமமும் சங்கத்தின் பொறுப்பும்

சங்கத்தின் சொத்து என்றவுடன் நம் உறுப்பினர்களுக்கு நினைவில் வருவன கட்டடம், கிடங்கு, தறி, தராசு, லாரி முதலியனவே. இவற்றுக்கெல்லாம் பதிவேடு உண்டு. ஆண்டுதோறும் இருப்புச் சரிபார்த்தலும் உண்டு. ஆனால் லாரியை ஓட்டுகின்றவரின் சட்டைப் பையில் உள்ள ஒரு சிறு அட்டையைப் பற்றிப் பல சங்கங்களில் எந்தப் பதிவேடும் இல்லை. அது அவருடைய சொந்த விஷயம் என்று விட்டுவிடுகிறோம். அவ்வட்டையில் குறித்துள்ள ஒரு தேதி கடந்துவிட்டால், உறுப்பினர்கள் பல்லாண்டு காலம் சேர்த்த பங்குத் தொகைக்கும் நிதிக்கும் ஆபத்து நேரக்கூடும் என்பதை இப்பாடத்தில் காண்போம்.

ஓர் உண்மை நிகழ்ச்சி

சில மாதங்களுக்கு முன் ஒரு விவசாயிகள் கூட்டுறவு விற்பனைச் சங்கத்தைப் பார்வையிடச் சென்றிருந்தேன். மஞ்சளும் பருத்தியும் ஏற்றிச் செல்லும் பெரிய லாரி ஒன்று அச்சங்கத்துக்கு உண்டு. பதிவுச் சான்று, தகுதிச் சான்று, பெர்மிட், இன்ஷூரன்ஸ் பத்திரம் ஆகிய யாவும் ஒரு கோப்பில் வரிசையாக இருந்தன. செயலாளரின் ஒழுங்கைப் பாராட்டிவிட்டு, ஓட்டுநரின் உரிமத்தைக் கேட்டேன். "அது இன்னும் ஐந்தாண்டுக்குச் செல்லும்" என்றார் செயலாளர். அட்டையை வாங்கிப் பார்த்தபோது அதில் இரண்டு தேதிகள் இருந்தன. செயலாளர் பார்த்தது தூரத்துத் தேதி. லாரிக்கு உரிய தேதியோ முடிந்து நான்கு மாதங்கள் ஆகியிருந்தன.

ஓட்டுநர் 52 வயதினர். நெசவாளர் குடும்பத்தில் பிறந்து, இளமையில் தறிக்குழியில் இருந்து பழகியவர். பதினெட்டு ஆண்டுகளாக அச்சங்கத்தின் லாரியை ஓட்டி வருபவர். தேதி முடிந்தது தமக்குத் தெரியும் என்று அவர் மறைக்காமல் ஒப்புக்கொண்டார். ஏன் புதுப்பிக்கவில்லை என்று கேட்டதற்கு, சிறிது நேரம் தயங்கிவிட்டு, "ஐயா, டாக்டரிடம் போனால் கண்ணைப் பார்ப்பார். இரண்டு வருஷமாக எனக்குத் தூரத்து எழுத்து மங்கலாகத் தெரிகிறது. கண் சரியில்லை என்று அவர் எழுதிவிட்டால் என் பிழைப்பு என்ன ஆவது?" என்றார்.

அந்த நான்கு மாதங்களில் விபத்து ஏதும் நேரவில்லை. அதற்குச் சங்கம் பெருமை கொள்ள இடமில்லை. அதிர்ஷ்டம் என்றே சொல்ல வேண்டும். முந்திய ஆண்டு பார்வையிட்டபோது வண்டியின் பத்திரங்களை மட்டும் பார்த்துவிட்டு, உரிமத்தைக் கேட்காமல் திரும்பியவன் நான். ஆதலின் இக்குறையில் எனக்கும் பங்குண்டு. அதை உணர்ந்தே இப்பாடத்தை எழுதுகிறேன்.

உரிமம் எத்தனை காலம் செல்லும்?

1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டமும், அதற்கு 2019-ஆம் ஆண்டில் செய்யப்பட்ட திருத்தமும் இதனை வரையறுக்கின்றன. சொந்த உபயோகத்துக்கான மோட்டார் சைக்கிள், கார் போன்றவற்றுக்கு உரிமத்தின் காலம் ஓட்டுபவரின் வயதைப் பொறுத்தது.

30 வயது நிறையாதவர் பெறும் உரிமம் அவருக்கு 40 வயது ஆகும்வரை செல்லும். 30 வயது முதல் 50 வயதுக்குள் பெற்றால் அல்லது புதுப்பித்தால் 10 ஆண்டுகள் செல்லும். 50 முதல் 55 வயதுக்குள் என்றால் 60 வயது வரை. 55 வயதுக்கு மேல் ஐந்தைந்து ஆண்டுகள்.

சரக்கு லாரி, பஸ் போன்ற போக்குவரத்து வண்டிகளை ஓட்டும் உரிமம் 5 ஆண்டுகளே செல்லும். ஒருவரே இருவகை வண்டிகளுக்கும் உரிமம் பெற்றிருந்தால், அட்டையில் இரண்டு தேதிகள் இருக்கும். 'என்.டி.' என்ற எழுத்துக்களுக்கு எதிரே இருப்பது சொந்த உபயோக வண்டிகளுக்கு உரியது, 'டி.ஆர்.' என்பதற்கு எதிரே இருப்பது போக்குவரத்து வண்டிகளுக்கு உரியது. நம் செயலாளர் ஏமாந்தது இவ்விடத்திலேதான்.

இங்கே ஒரு விளக்கம் வேண்டும். மொத்த எடை 7,500 கிலோவுக்கு மேற்படாத சிறு சரக்கு வண்டிகளை, இலகு ரக மோட்டார் வண்டிக்கான உரிமம் பெற்றவர் தனியாகப் போக்குவரத்து அனுமதி இல்லாமலே ஓட்டலாம் என்று உச்ச நீதிமன்றம் 2017-இல் கூறிய தீர்ப்பை, 2024 நவம்பர் 6-ஆம் தேதி அதன் அரசியல் சாசன அமர்வு உறுதி செய்தது. ஆகவே சேலைக் கட்டுகளை ஏற்றிச் செல்லும் சிறு வேன்களுக்கு இத்தீர்ப்பு துணை நிற்கும். ஆனால் பெரிய லாரிக்கு அது பொருந்தாது. அதற்கென உள்ள உரிமமும் அதன் ஐந்தாண்டுத் தேதியும் இன்றியமையாதவை.

முப்பது நாள் சலுகை இப்போது இல்லை

2019-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்கு முன், உரிமத்தின் காலம் முடிந்த பின்னரும் அது 30 நாட்கள் செல்லுபடியாகும் என்ற சலுகை சட்டத்தில் இருந்தது. அத்திருத்தம் இச்சலுகையை நீக்கிவிட்டது. பழைய ஓட்டுநர்கள் பலர் இன்னும் அதனை நம்பியிருக்கிறார்கள். இன்று, குறித்த தேதிக்கு மறுநாள் வண்டியை எடுப்பவர் உரிமம் இன்றி ஓட்டுகிறவரே ஆவார். அதற்கு 5,000 ரூபாய் அபராதமோ, மூன்று மாதம் வரை சிறையோ, இரண்டுமோ விதிக்கச் சட்டம் இடம் தருகிறது. அத்தகையவரை ஓட்ட அனுமதித்த வண்டிச் சொந்தக்காரரும் குற்றவாளியே. சங்க வண்டிக்குச் சொந்தக்காரர் சங்கம் அன்றோ!

புதுப்பிக்கும் முறை

காலம் முடிவதற்கு ஓராண்டுக்கு முன்பிருந்தே விண்ணப்பம் செய்யலாம். மத்திய அரசின் 'பரிவாஹன்' இணையத்தளத்தில் 'சாரதி' என்ற பகுதியில் விண்ணப்பத்தைப் பதிய வேண்டும். கணினிப் பழக்கம் இல்லாதவர்கள் விவரம் அறிந்தவரின் உதவியை நாடலாம். முன்பு உரிமம் வழங்கிய அலுவலகத்துக்கே செல்ல வேண்டும் என்பதில்லை. இப்போது குடியிருக்கும் பகுதியின் வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் புதுப்பித்துக் கொள்ளலாம்.

வேண்டுவன: 2-ஆம் எண் படிவத்தில் விண்ணப்பம், பழைய உரிமம், முகவரிச் சான்று, உடல்நிலை பற்றித் தாமே அளிக்கும் உறுதிமொழியாகிய 1-ஆம் எண் படிவம். 40 வயது ஆனவர்களும், எந்த வயதினராயினும் போக்குவரத்து வண்டி உரிமத்தைப் புதுப்பிப்பவர்களும் '1-ஏ' படிவத்தில் பதிவு பெற்ற டாக்டரின் சான்றும் இணைக்க வேண்டும். ஆதார் வழியே அடையாளத்தை உறுதி செய்வோர் அலுவலகம் செல்லாமலே புதுப்பிக்க 2021-ஆம் ஆண்டு முதல் வழி செய்யப்பட்டுள்ளது. ஏனையோர் குறித்த நாளில் நேரில் செல்ல வேண்டும்.

மத்திய விதிகளின்படி புதுப்பிக்கும் கட்டணம் 200 ரூபாய். அட்டைக்கான தொகையும் சேவைக் கட்டணமும் இதற்குப் புறம்பானவை. கெடு கடந்து விண்ணப்பித்தால் 300 ரூபாயும், தாமதமான ஒவ்வோர் ஆண்டுக்கும் அல்லது அதன் பகுதிக்கும் 1,000 ரூபாய் கூடுதலும் ஏற்படும். ஓராண்டுக்கு மேல் விட்டுவிட்டாலோ, வண்டி ஓட்டும் தேர்வில் மீண்டும் தேறினாலன்றிப் புதுப்பிக்க மாட்டார்கள். இருபது ஆண்டு அனுபவம் உடையவரும் அத்தேர்வைத் தப்ப முடியாது.

தமிழ்நாட்டில் இப்போது புதிய அட்டை விரைவு அஞ்சலில் வீட்டுக்கே வருகிறது. ஆகவே வீடு மாறியவர்கள் முகவரி மாற்றத்தையும் உடன் செய்துகொள்வது நலம்.

கண்ணாடி அணிந்தவர் ஓட்டலாமா?

நம் ஓட்டுநரின் அச்சத்துக்கு இனி வருவோம். டாக்டர் நிரப்பும் படிவத்தில் கேட்கப்படுவது யாது? பார்வையில் குறை உண்டா, உண்டெனில் தக்க கண்ணாடியால் அது சரி செய்யப்பட்டிருக்கிறதா என்பதே முதல் வினா. நல்ல பகல் வெளிச்சத்தில் 25 மீட்டர் தூரத்திலிருந்து ஒரு காரின் எண் பலகையைப் படிக்க இயலுமா, சிவப்பையும் பச்சையையும் வேறுபடுத்தி அறிய இயலுமா, மாலைக்கண் உண்டா, காது நன்கு கேட்கிறதா என்பன அடுத்த வினாக்கள். கண்ணாடி அணிவது குற்றம் என்று அப்படிவத்தில் எங்கும் இல்லை. கண்ணாடியால் சீர்ப்படும் குறைக்குச் சட்டமே இடம் தந்திருக்கிறது.

இதனை விளக்கிச் சொன்னபோது அவர் நம்பவில்லை. மறுநாள் செயலாளரே அவரைக் கண் மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றார். தூரப் பார்வைக்குக் கண்ணாடி எழுதிக் கொடுத்தார்கள். வேறு நோய் இல்லை. கண்ணாடி அணிந்து எண் பலகையைத் தடையின்றிப் படித்தார். டாக்டர் சான்று அளித்தார். புதிய உரிமம் வரும்வரை சங்கம் அவரை லாரியில் ஏற்றவில்லை; கிடங்கில் எடை போடும் வேலை தந்து சம்பளத்தை முழுமையாகக் கொடுத்தது. லாரிக்குத் தற்காலிக ஓட்டுநர் வைத்த செலவு உண்டெனினும், நிர்வாகக் குழுவினர் எவரும் அதை மறுத்துப் பேசவில்லை. இப்போது அவர் மீண்டும் லாரியை ஓட்டி வருகிறார். "இரவில் எதிரே வரும் வண்டியின் விளக்கு இப்போது கலங்குவதில்லை ஐயா" என்று பின்னர் என்னிடம் கூறினார். அப்படியாயின், கண்ணாடி இல்லாத இரண்டாண்டுகளில் சாலையில் சென்ற மற்றவர்களின் நிலை என்ன என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். உரிமத்தைப் புதுப்பிப்பது அபராதத்துக்குத் தப்பும் வழி மட்டுமன்று. கண்ணையும் உடலையும் காலத்தில் சோதித்துக் கொள்ளும் வாய்ப்புமாகும்.

விபத்து நேர்ந்தால் யார் கொடுப்பது?

"இன்ஷூரன்ஸ் கட்டியிருக்கிறோம், பிறகு என்ன பயம்?" என்று கேட்கும் உறுப்பினர்கள் உண்டு. முறையான உரிமம் உடையவரே வண்டியை ஓட்ட வேண்டும் என்பது இன்ஷூரன்ஸ் ஒப்பந்தத்தின் நிபந்தனை. 2004-இல் ஸ்வரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதனை விரிவாக ஆராய்ந்தது. உரிமம் இல்லை என்ற ஒன்றை மட்டும் காட்டிக் கம்பெனி தப்ப முடியாது. சொந்தக்காரர் நியாயமான கவனம் காட்டவில்லை என்பதையும் அது நிரூபிக்க வேண்டும். அவ்வாறு நிரூபித்தாலும், அடிபட்ட மூன்றாம் நபருக்கு முதலில் கம்பெனி பணம் கொடுத்துவிட்டு, அத்தொகையைச் சொந்தக்காரரிடமிருந்து வசூலிக்க நீதிமன்றம் வழி செய்யலாம்.

2020-இல் பேலி ராம் வழக்கில், உரிமம் முடிந்து மூன்றாண்டுகள் புதுப்பிக்காமல் லாரி ஓட்டிய ஓட்டுநரே விபத்தில் காயமுற்றார். அவருக்கு உரிய நஷ்டஈட்டைக் கம்பெனி கொடுக்க வேண்டியதில்லை, சொந்தக்காரரே கொடுக்க வேண்டும் என்று அந்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உரிமம் புதுப்பிக்கப்பட்டதா என்று பார்ப்பது சொந்தக்காரரின் கடமை என்பதே அதன் கருத்து.

சங்கம் சொந்தக்காரராக இருக்கும்போது அத்தொகை எங்கிருந்து வரும்? உறுப்பினர்களின் நிதியிலிருந்துதான். அசட்டையால் சங்கத்துக்கு நஷ்டம் விளைந்தது என்று கண்டால், 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் 87-ஆம் பிரிவின்படி பொறுப்பாளர்கள் மீது தண்டத்தீர்வை நடவடிக்கையும் எழலாம். ஆகவே இது ஓட்டுநரின் சொந்த விஷயம் என்று எவரும் சொல்ல இயலாது. உரிமம் ஒருவருடையது, அது முடிந்தால் வரும் நஷ்டம் அனைவருடையது.

சங்கம் செய்ய வேண்டுவது

முதலாவதாக, உரிமப் பதிவேடு ஒன்று திறக்க வேண்டும். ஓட்டுநர் பெயர், பிறந்த தேதி, உரிம எண், ஓட்டத்தக்க வண்டி வகை, இருவகைத் தேதிகள், டாக்டர் சான்றின் தேதி ஆகிய கட்டங்கள் அதில் போதும். நியாயமான கவனம் காட்டினோம் என்பதற்கு நாளை அதுவே சாட்சி.

இரண்டாவதாக, காலம் முடிவதற்கு ஆறு மாதத்துக்கு முன் ஓட்டுநருக்கு எழுத்து மூலம் நினைவூட்ட வேண்டும். புதிய உரிமத்தைக் கண்ணால் கண்ட பின்னரே பதிவேட்டில் கையொப்பமிட வேண்டும். தற்காலிக ஓட்டுநருக்கும் இது பொருந்தும்.

மூன்றாவதாக, புதுப்பிக்கும் நாளுக்குச் சம்பளத்துடன் விடுப்பும், டாக்டர் செலவும் தர நிர்வாகக் குழு தீர்மானம் செய்யலாம். ஒரு நாள் கூலி போகும் என்பதாலும், வேலை போகும் என்ற பயத்தாலுமே பலர் தள்ளிப் போடுகிறார்கள். பயத்தை நீக்கினால் மறைவும் நீங்கும்.

உறுப்பினர்கள் தங்கள் உரிமத்தையும் எடுத்துப் பார்ப்பார்களாக. பாவு சுமந்து மோட்டார் சைக்கிளில் சங்கத்துக்கு வரும் நெசவாளரும், டிராக்டர் ஓட்டும் விவசாயியும் இருபது வயதில் பெற்ற உரிமத்தைப் பெட்டியில் வைத்து மறந்திருப்பர். நாற்பதாம் வயது ஓசையின்றி வந்துவிடும்.

கூட்டத்தில் விவாதிக்கத்தக்க வினாக்கள்

1. நம் சங்க வண்டியை ஓட்டுபவரின் உரிமம் எந்தத் தேதியில் முடிகிறது? அதனை நம்முள் யார் பார்த்தது?

2. அட்டையில் இரண்டு தேதிகள் இருப்பதன் காரணம் என்ன?

3. 30 நாள் சலுகை நீங்கியதால் நம் பழக்கத்தில் எதனை மாற்ற வேண்டும்?

4. ஓட்டுநர் தம் உடற்குறையை மறைக்காமல் சொல்லும்படியான நம்பிக்கையை நம் சங்கம் அவருக்கு அளித்திருக்கிறதா?