தோற்றும் கொண்டாடிய மாணவர்கள்

கேள்வி: அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் தோற்றே பெயர் வாங்கிய அணி உண்டா?

பதில்: உண்டு. சிகாகோவை ஒட்டிய எவன்ஸ்டன் நகரின் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகம். 1979 செப்டம்பரில் வயோமிங்கை வென்றதோடு சரி. அடுத்த வெற்றிக்கு மூன்று ஆண்டுகள். நடுவே 34 தோல்விகள். 1981 சீசனில் ஆடிய பதினொன்றிலும் மண்ணைக் கவ்வினார்கள்.

'பிக் டென்' கூட்டமைப்பில் அப்போது இருந்த ஒரே தனியார் பல்கலைக்கழகம் இது. மாணவர் தொகை குறைவு, சேர்க்கைக்குப் படிப்பில் கெடுபிடி அதிகம். மிச்சிகன், ஒஹாயோ ஸ்டேட் போன்ற பூதங்களோடு வருடா வருடம் மோதியாக வேண்டியிருந்தது. வேறென்ன நடக்கும்?

1981 நவம்பர் 7 அன்று மிச்சிகன் ஸ்டேட்டிடம் 61-14 என்று தோற்றார்கள். அது தொடர்ந்து 29-ஆவது தோல்வி, அதாவது பெரிய கல்லூரி அணிகளில் புதிய சாதனை! மாணவர்கள் தலையில் துண்டைப் போட்டுக்கொள்ளவில்லை. திபுதிபுவென்று மைதானத்துக்குள் இறங்கி, தாங்கள்தான் படுமட்டம் என்று கோஷம் போட்டு, கோல் கம்பங்களைச் சாய்த்தார்கள். ஜெயித்தவர்கள் செய்கிற கலாட்டா அது. எனக்கு இந்தப் பிள்ளைகளை ரொம்பவே பிடித்துப் போனது.

1982 செப்டம்பர் 25 அன்று நார்தர்ன் இல்லினாயை 31-6 என்று வென்றார்கள். இந்த முறை கம்பங்கள் மிச்சிகன் ஏரிவரை ஊர்வலம் போயின. அந்த சீசனில் மொத்தம் மூன்றே வெற்றி, எட்டுத் தோல்வி. அதற்கே பயிற்சியாளர் டென்னிஸ் கிரீனுக்கு பிக் டென்னின் சிறந்த பயிற்சியாளர் விருது கொடுத்துவிட்டார்கள்!