குமிழிவிடும் புட்டி

1996ஆம் ஆண்டு, வங்காளதேசத்தின் சில்ஹெட் நகரிலுள்ள மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் முகமது ஜோபாயர் சிஷ்டி என்ற இளைஞர் பயிற்சி மருத்துவராகச் சேர்ந்தார். குழந்தைகள் பிரிவில் அவர் பணியாற்றிய முதல் இரவிலேயே மூன்று குழந்தைகள் அவர் கண்முன்னே உயிரிழந்தனர். மூவருக்கும் வந்திருந்த நோய் நிமோனியா எனப்படும் நுரையீரல் அழற்சி. இந்நோயிலிருந்து குழந்தைகளைக் காக்க ஏதேனும் செய்தே தீர வேண்டும் என்று அவர் அன்றிரவு உறுதிபூண்டார்.

நம் நுரையீரலில் கோடிக்கணக்கான நுண்ணிய காற்றறைகள் உள்ளன. மூச்சுக்காற்றிலுள்ள உயிர்வாயு இவற்றின் வழியாகத்தான் இரத்தத்தில் கலக்கிறது. நிமோனியா கண்டவருக்கு இவ்வறைகளில் சீழும் நீரும் தேங்கிவிடும். சில அறைகள் சுருங்கி ஒட்டிக்கொள்ளும். அதனால் இரத்தத்தில் உயிர்வாயுவின் அளவு குறையும். நலமாக இருப்பவருக்கு இவ்வளவு 95 விழுக்காட்டிற்குக் குறையாமல் இருக்கும். 90 விழுக்காட்டிற்குக் கீழே இறங்கினால் உயிருக்கு ஆபத்து. கோவிட்-19 பரவிய காலத்தில் பல வீடுகளில் இருந்த, விரலில் மாட்டும் சிறு கருவி இதைத்தான் அளக்கிறது. சிவப்பு ஒளியையும் கண்ணுக்குப் புலப்படாத அகச்சிவப்பு ஒளியையும் விரலினூடே செலுத்தி, இரத்தம் எவ்வளவு ஒளியை ஈர்க்கிறது என்பதைக் கொண்டு அது கணக்கிடுகிறது. கைக்குழந்தையால் தன் துன்பத்தை எடுத்துச் சொல்ல முடியாது. ஆனால், மூச்சிழுக்கும்போது அதன் மார்பின் கீழ்ப்பகுதி உள்வாங்கும். மூக்குத் துவாரங்கள் விரியும். பால் குடிக்கவும் வலுவிருக்காது.

இத்தகைய குழந்தைகளுக்கு மூக்கில் சிறு குழாயைப் பொருத்தி, மெதுவாக உயிர்வாயு செலுத்துவதே வழக்கமான சிகிச்சை. ஆயினும், ஒட்டிக்கொண்ட காற்றறைகளை அது திறப்பதில்லை. அதற்கு அழுத்தம் வேண்டும். அழுத்தம் தரும் செயற்கைச் சுவாசக் கருவியோ ஏழை நாட்டு மருத்துவமனைகளுக்கு எட்டாத விலை.

பின்னர் ஆஸ்திரேலியாவின் மெல்பர்ன் நகருக்குச் சென்ற சிஷ்டி, அங்கு நீர்க்குமிழிகளால் அழுத்தம் உண்டாக்கும் கருவி ஒன்றைக் கண்டார். டாக்கா திரும்பியபின், யாரோ வீசியெறிந்த ஷாம்பு புட்டி அவர் கண்ணில் பட்டது. அதனுள் நுரைக்குமிழிகள் எஞ்சியிருந்தன. அந்தப் புட்டியே போதும் என்று அவருக்குத் தோன்றியது!

அமைப்பு மிக எளிது. குழந்தை மூக்குக் குழாய் வழியாக உயிர்வாயுவை உள்ளிழுக்கும். வெளிவிடும் மூச்சு மற்றொரு குழாய் வழியாகச் செல்லும். அக்குழாயின் நுனி, புட்டியிலுள்ள நீரில் சில சென்டிமீட்டர் ஆழத்தில் மூழ்கியிருக்கும். நீரைத் தள்ளிக்கொண்டே காற்று குமிழியாக வெளியேற வேண்டியிருப்பதால், மூச்சுப்பாதையில் எப்போதும் சிறிதளவு அழுத்தம் நிலைத்திருக்கும். காற்றறைகள் மீண்டும் சுருங்காமல் திறந்தே இருக்கும். குழாயை எவ்வளவு ஆழத்தில் அமிழ்த்துகிறோமோ அவ்வளவு அழுத்தம் கூடும். இதற்கான செலவு ஏறக்குறைய 1.25 அமெரிக்க டாலர்தான்.

எளிமையாக இருப்பதால் மட்டும் ஒரு சிகிச்சையை நம்பிவிட முடியாது அல்லவா? சிஷ்டியும் அவர்தம் குழுவினரும் டாக்காவில் ஐந்து வயதுக்குட்பட்ட 225 குழந்தைகளிடம் அதைச் சோதித்தனர். வழக்கமான முறையில் மெதுவாக உயிர்வாயு பெற்ற 67 குழந்தைகளில் 10 பேர் இறந்தனர். குமிழிமுறையில் பெற்ற 79 பேரில் இறந்தவர் 3 பேர். இம்முடிவுகள் 2015இல் ‘லான்செட்’ மருத்துவ இதழில் வெளிவந்தன. டாக்கா மருத்துவமனையில் அதுவே வழக்கமான சிகிச்சையாயிற்று.

எனினும், ஆப்பிரிக்காவின் மலாவி நாட்டில், மருத்துவர்களின் நேரடிக் கண்காணிப்பின்றிக் குமிழிமுறை கையாளப்பட்டபோது நேர்மாறான முடிவே கிட்டியது. மூக்குக் குழாய் வழியாக மெதுவாக உயிர்வாயு பெற்றவர்களைவிட, குமிழிமுறையில் பெற்றவர்களே மிகுதியாக இறந்தனர். மலிவான கருவியானாலும் அதற்கு அருகில் பயிற்சி பெற்றோர் இருக்கத்தான் வேண்டும். புட்டியில் குமிழிகள் நின்றுவிட்டால் எங்கோ காற்று கசிகிறது என்று பொருள். தாதியர் உடனே குழந்தையின் மூக்குக் குழாயைச் சரிபார்ப்பர். நீரில் மீண்டும் குமிழிகள் எழும்வரை அவர்கள் அங்கிருந்து நகர மாட்டார்கள்.