இராமன் விளைவும் ஓர் உயர்தரக் கணக்கும்

உயர்தர இரசாயனவியலில் அணுக்கட்டமைப்பு அலகு தொடங்கியதும் என் மாணவிகள் இரண்டு சமன்பாடுகளைக் கொப்பியில் எழுதிப் பெட்டி போட்டுக்கொள்வார்கள். ஒளியின் வேகம் = மீடிறன் × அலைநீளம் என்பது ஒன்று. சக்தி = பிளாங்கின் மாறிலி × மீடிறன் என்பது மற்றது. பெறுமானங்களைப் பிரதியிட்டு விடை வந்ததும் கொப்பியை மூடிவிடுகிறார்கள். அந்த விடை எதைச் சொல்கிறது என்று கேட்டால் வகுப்பு மௌனமாகிவிடும். ஆகவே இங்கே ஒரேயொரு கணக்கை எடுத்துக்கொள்கிறேன்.

பாண்டிருப்புக் கரையில் நின்றால் கடல் ஏன் நீலம் என்ற கேள்வி யாருக்கும் வரும். வானத்தின் நிறம் தண்ணீரில் தெறிக்கிறது என்பதே பலரும் சொல்லும் பதில். 1888 இல் திருச்சிராப்பள்ளியில் பிறந்த சி. வி. இராமன் அந்தப் பதிலோடு நின்றுவிடவில்லை. 1921 இல் இங்கிலாந்திலிருந்து கப்பலில் திரும்பும்போது மத்தியதரைக் கடலை ஒரு நிக்கல் அரியத்தினூடாகப் பார்த்தார். மேற்பரப்பில் தெறித்து வரும் ஒளியை அரியம் தடுத்தது, நீலம் மறையவில்லை. நீர் மூலக்கூறுகளே ஒளியைச் சிதறச் செய்கின்றன என்று அவர் முடிவு செய்தார். (நீர் சிவப்பொளியை உறிஞ்சுவதும் பெரிய காரணம் என்பதை இன்று அறிவோம்.)

அந்தத் தேடல்தான் 1928 பெப்ரவரி 28 இல் கல்கத்தாவில் பலன் தந்தது. திரவத்துக்குள் அனுப்பிய ஒளியில் இல்லாத ஒரு நிறம், சிதறி வந்த ஒளியில் இருந்தது. உடனிருந்து உழைத்தவர் கே. எஸ். கிருஷ்ணன். 1930 இல் இராமனுக்கு நோபல் பரிசு கிடைத்தது.

இனிக் கணக்கு. இரச ஆவி விளக்கின் ஊதா கலந்த நீல ஒளிக்கு அலைநீளம் 435.8 நனோமீற்றர். முதலில் இதை மீற்றருக்கு மாற்றுங்கள்: 4.358 × 10⁻⁷ மீற்றர். புள்ளிகள் பறிபோவது பெரும்பாலும் இந்தப் படியில்தான். ஒளியின் வேகமான 3.00 × 10⁸ ஐ இதனால் வகுத்தால் மீடிறன் செக்கனுக்கு 6.884 × 10¹⁴. அதைப் பிளாங்கின் மாறிலி 6.626 × 10⁻³⁴ ஆல் பெருக்கினால் ஒரு போட்டனின் சக்தி 4.561 × 10⁻¹⁹ யூல்.

இந்த ஒளியைப் பென்சீனுக்குள் செலுத்தினால் பெரும்பகுதி அதே நிறத்தில்தான் சிதறும். மிகச் சில போட்டன்கள் மட்டும் 455.5 நனோமீற்றர் அலைநீளத்துடன் வெளிவரும். அதே வழியில் செய்தால் மீடிறன் 6.586 × 10¹⁴, சக்தி 4.364 × 10⁻¹⁹ யூல். அலைநீளம் கூடியது, சக்தி குறைந்தது. தாயும் பிள்ளையும் கைகோத்து ஒரே வேகத்தில் நடக்கும்போது, சின்ன அடி வைக்கும் பிள்ளை அதிக தடவை அடி வைக்க வேண்டும் அல்லவா? அலைநீளமும் மீடிறனும் அப்படித்தான். சக்தியோ மீடிறனோடு சேர்ந்து கூடும், குறையும்.

குறைந்த 1.97 × 10⁻²⁰ யூல் எங்கே போனது? பென்சீன் மூலக்கூறு அதை எடுத்துக்கொண்டது. ஆறு காபன் அணுக்களின் வளையம் மூச்சு விடுவதுபோல் விரிந்து சுருங்குகிறது. இரு மீடிறன்களின் வித்தியாசம் 2.98 × 10¹³. ஒரு செக்கனில் அந்த வளையம் ஏறத்தாழ அத்தனை தடவை அதிர்கிறது. எந்த நுணுக்குக்காட்டியாலும் கண்ணால் எண்ண முடியாத ஓர் அசைவை ஒரு கழித்தல் கணக்கு எண்ணித் தந்துவிட்டது! என்னைக் கேட்டால், பாடத்திட்டத்தில் இதைவிட அழகான கழித்தல் இல்லை.

ஆனால் தசமங்களில் அலட்சியம் கூடாது. 6.884, 6.586 இரண்டையும் முழு எண்ணாக்கினால் இரண்டுமே 7. வித்தியாசம் பூச்சியமாகி, இராமன் விளைவே காணாமற்போய்விடும். பெற்றாருக்கும் ஒரு வார்த்தை: உயர்தரப் பரீட்சையில் இரசாயனவியலுக்குக் கணிப்பானுக்கு அனுமதி இல்லை. வீட்டில் பிள்ளை கணக்குச் செய்யும்போது கைத்தொலைபேசியைக் கொஞ்சம் எட்ட வைத்துவிடுங்கள்.

தங்கைகளுக்கு ஒரு பயிற்சி. பென்சீனின் இன்னொரு கோடு 502.9 நனோமீற்றரில் வரும். அது காபன்–ஐதரசன் பிணைப்பின் அதிர்வு. மீடிறன் வித்தியாசம் 9.19 × 10¹³ ஐ அண்டி வர வேண்டும். ஐதரசன் மிக இலேசான அணு என்பதை நினைவில் வைத்து, வளையத்தைவிட இது ஏன் மூன்று மடங்கு வேகமாக அதிர்கிறது என்று கொப்பியில் எழுதி வாருங்கள்.